குழந்தை முகமும் கமெராவின் மறுபக்கமும்

கடந்த மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, படுவான்கரையிலிருந்து ஒருவர் என்னைத் தேடி வந்தார். வாவியில் வீச்சு வலை போட்டுப் பிழைப்பவர். முன்பின் பழக்கமில்லை. நான் பத்திரிகையில் இருந்த காலத்தில் அவருடைய ஊர்த் துறையைப் பற்றி எழுதிய ஒரு செய்தியை நினைவில் வைத்துக்கொண்டு, விசாரித்து விசாரித்து வீட்டைக் கண்டுபிடித்து வந்திருந்தார். கையில் ஒரு பை நிறைய இறால். “வேணாம் எண்டு சொல்லப்படா சேர்” என்று முதலிலேயே சொல்லிவிட்டுத்தான் உட்கார்ந்தார்.

அவருடைய மகளுக்கு 11 வயது. பாடசாலைத் தமிழ்மொழித் தினப் போட்டியில் நடித்துப் பரிசு பெற்றவள். அந்த நாடகத்தைப் பார்த்த ஒருவர், கொழும்பில் எடுக்கவிருக்கும் ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு அந்தப் பிள்ளையைக் கேட்டிருக்கிறார். தங்குமிடம், சாப்பாடு, நாளொன்றுக்கு இவ்வளவு பணம் என்று பேசியிருக்கிறார்கள். தாய்க்கு விருப்பம். பாட்டிக்கு அறவே பிடிக்கவில்லை. பாடசாலை அதிபர், “திறமையை முடக்கக் கூடாது” என்கிறாராம். தகப்பனுக்கோ நித்திரை இல்லை.

“விடலாமா, விடப்படாதா? உங்களுக்கு உலகம் தெரியும். ஒரு சொல் சொல்லுங்க சேர்.”

நாற்பது வருடங்களுக்கு மேலாகச் செய்தி எழுதியவன் நான். ஆனால், அந்த மனிதர் கேட்ட ஒரு சொல்லை அந்த மாலையில் என்னால் சொல்ல முடியவில்லை. அடுத்த கிழமை வரும்படி சொல்லி அனுப்பினேன். அந்த ஒரு கிழமை நான் எண்ணிப் பார்த்தவற்றையே இங்கே எழுதுகிறேன். பிள்ளைகளை மேடைக்கும் திரைக்கும் அனுப்பும் பெற்றோர், தமிழர் வாழும் எல்லா நாடுகளிலும் இன்று இருக்கிறார்கள். அவர்களுக்கும் இது பயன்படக்கூடும்.

*

எனக்கு முதலில் நினைவுக்கு வந்தவர் குட்டி பத்மினி.

ஐம்பது வயதைக் கடந்த தமிழர் எவருக்கும் அந்தப் பெயரை அறிமுகம் செய்யத் தேவையில்லை. பள்ளிக்குப் போகும் வயதுக்கு முன்பே நடிக்கத் தொடங்கியவர். 1965இல் ஏ.வி.எம். நிறுவனம் தயாரித்து, கிருஷ்ணன் – பஞ்சு இயக்கிய ‘குழந்தையும் தெய்வமும்’ படத்தில், பிரிந்துபோன தாய் தந்தையரைச் சேர்த்து வைக்கும் இரட்டைச் சகோதரிகளாக இரு வேடங்களில் நடித்தார். அப்போது அவருக்கு வயது ஒன்பது. அந்தப் படத்தின் மூலக்கதை ஜேர்மானிய எழுத்தாளர் எரிக் கெஸ்ட்னர் 1949இல் எழுதிய சிறுவர் நாவல். ஹொலிவூட் 1961இல் அதைப் படமாக்கியது. பிறகு அது நமது மொழிக்கு வந்தது. மட்டக்களப்பு நகரத்துத் திரையரங்கில் அம்மாவின் மடியோரத்தில் இருந்து அந்தப் படத்தைப் பார்த்தவன் நான். ஒரே முகம் கொண்ட இரண்டு பிள்ளைகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு நிற்பதைக் கண்டு, அவர்கள் உண்மையாகவே இரட்டையர் என்று பல ஆண்டுகள் நம்பியிருந்தேன்.

அந்தக் காலத்து இரட்டை வேடக் காட்சிகள் எப்படி எடுக்கப்பட்டன என்பதைப் பிற்பாடு ஓர் ஒளிப்பதிவாளர் எனக்கு விளக்கினார். கமெராவின் ஒரு பாதியை மறைத்துக்கொண்டு நடிகரை ஒரு பக்கம் நிறுத்திப் படம் பிடிப்பார்கள். பிறகு அதே படச்சுருளைப் பின்னோக்கிச் சுற்றி, மறு பாதியை மறைத்துக்கொண்டு, அதே நடிகரை வேறு உடையில் மறுபக்கம் நிறுத்துவார்கள். நடிப்பவர் இரண்டு தடவையும் வெற்றிடத்தைப் பார்த்துத்தான் பேச வேண்டும். எதிரில் ஒருவரும் இல்லை. பார்வை ஓர் அங்குலம் பிசகினாலும் காட்சி கெட்டுவிடும்.

பெரியவர்களுக்கே கடினமான அந்த வேலையை ஒரு சிறு பிள்ளையிடம் ஒப்படைத்தார்கள். பிள்ளை செய்தும் காட்டிற்று. நாம் கைதட்டினோம். பிள்ளை எத்தனை மணிக்கு எழுந்தது, எத்தனை மணிக்கு உறங்கியது, எந்தப் பாடசாலையில் எந்த வகுப்பில் படித்தது என்று அரங்கில் இருந்த நாம் எவரும் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று தோன்றவும் இல்லை.

குழந்தை நட்சத்திரங்களின் கதை பெரும்பாலும் இங்கேயே முடிந்துவிடும். குரல் மாறும், உயரம் கூடும், ‘பேபி’, ‘மாஸ்டர்’ என்ற அடைமொழிகள் உதிரும். பிறகு அழைப்பு வராது. குட்டி பத்மினியின் கதை அப்படி முடியவில்லை. பெரியவரான பிறகும் நடித்தார். அதைவிட முக்கியமாக, கமெராவின் மறுபக்கத்துக்குப் போனார். தொலைக்காட்சித் தொடர்களின் தயாரிப்பாளரானார். இந்திரா சௌந்தர்ராஜனின் நாவலைத் தழுவி, முதுமையில் இருந்த ஜெமினி கணேசனையும் நடிக்க வைத்து 2000ஆம் ஆண்டளவில் சன் தொலைக்காட்சியில் வந்த ‘கிருஷ்ணதாசி’ அவருடைய தயாரிப்பு. பதினைந்து ஆண்டுகள் கழித்து, தொண்ணூறு வயதைக் கடந்திருந்த கலைஞர் கருணாநிதியின் எழுத்தில் கலைஞர் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ‘ராமானுஜர்’ தொடரும் அவருடைய தயாரிப்புத்தான்.

ஒரு தயாரிப்பாளர் என்பவர் யார்? யார் நடிப்பது, எத்தனை மணிக்குப் படப்பிடிப்புத் தொடங்குவது, எப்போது முடிப்பது, யாருக்கு எவ்வளவு கொடுப்பது, எந்தக் கதையைச் சொல்வது என்று தீர்மானிக்கும் இடத்தில் இருப்பவர். பிறர் சொன்ன இடத்தில் நின்று, பிறர் எழுதிய வசனத்தை, வெற்றிடத்தைப் பார்த்துச் சொன்ன ஒரு பிள்ளை, வளர்ந்து அந்த இடத்துக்குப் போய் அமர்ந்தது சிறிய செய்தி அன்று. ‘தேவர் மகன்’ (1992) படத்தில் சிறுமியாக வந்து, ‘மெட்டி ஒலி’ போன்ற தொடர்களில் வளர்ந்து, 2017இல் ‘நிறம் மாறாத பூக்கள்’ தொடரைத் தயாரித்த நீலிமா ராணியும் அதே வழியில் நடந்தவர். இந்தப் பாதையில் போனவர்கள் மிகக் குறைவு. ஆனால் பாதை ஒன்று இருக்கிறது என்பதற்கு இவர்கள் சாட்சி.

இந்தக் கதையை இவ்வளவோடு நிறுத்தி, “பார்த்தீர்களா, குழந்தை நடிகை முதலாளியானார், உங்கள் மகளையும் அனுப்புங்கள்” என்று அந்தத் தகப்பனுக்குச் சொல்லியிருக்கலாம். ஆனால், அது அரை உண்மையாகிவிடும். மலையாளத் திரையுலகைப் பற்றிய ஹேமா குழுவின் அறிக்கை 2024 ஓகஸ்ட்டில் வெளியானதன் பின்னர், குட்டி பத்மினி ஊடகங்களிடம் பேசினார். குழந்தை நடிகையாக இருந்த காலத்திலேயே தாம் பாலியல் துன்புறுத்தலுக்கு உள்ளானதாகவும், தம் தாயார் அதைத் தட்டிக் கேட்டதற்காக ஒரு ஹிந்திப் படத்திலிருந்து தாம் நீக்கப்பட்டதாகவும் சொன்னார்.

அந்தக் கூற்றை வாசித்த அன்று நான் கணக்குப் பார்த்தேன். ஒரு பிள்ளைக்கு நேர்ந்ததை அந்தப் பிள்ளை உலகத்துக்குச் சொல்லவும், உலகம் காது கொடுக்கவும் அரை நூற்றாண்டு சென்றிருக்கிறது. தாய் ஒருத்தி கேள்வி கேட்டாள். தண்டனை கிடைத்தது பிள்ளைக்கு. இதையும் சொல்லாமல் அந்தத் தகப்பனை எப்படி அனுப்புவது?

*

பழைய பத்திரிகைக்காரனுக்கு ஒரு செய்தி கிடைத்தால் அதன் வேரைத் தேடும் பழக்கம் உண்டு. இந்தத் துன்பத்தின் வேர் ஹொலிவூட்டில், சார்லி சப்ளினின் காலத்திலேயே தெரியத் தொடங்கிவிட்டது. 1921இல் வெளியான ‘த கிட்’ படத்தில் சப்ளினோடு நடித்த சிறுவன் ஜாக்கி கூகன், அந்த நாளில் உலகின் மிகப் பெரிய நட்சத்திரங்களில் ஒருவன். இலட்சக்கணக்கான டொலர் உழைத்தான். வயது வந்த பிறகு தன் பணம் எங்கே என்று கேட்டபோது, தாயும் மாற்றாந்தந்தையும் ஏறத்தாழ முழுவதையும் செலவழித்துவிட்டிருந்தார்கள். பிள்ளையின் உழைப்பு பெற்றோருக்கே உரியது என்பதுதான் அக்காலச் சட்டம். 1938இல் வழக்குத் தொடுத்தான். கடைசியில் கிடைத்தது 126,000 டொலர். அந்த அநீதியைக் கண்டு 1939இல் கலிபோர்னியா ஒரு சட்டம் இயற்றியது. மக்கள் அதைக் கூகன் சட்டம் என்றே அழைக்கிறார்கள். இன்று அங்கே குழந்தை நடிகரின் வருமானத்தில் 15 வீதத்தை எவரும் கை வைக்க முடியாத தனிக் கணக்கில் வைக்க வேண்டும்.

இந்தியாவும் தாமதமாகவேனும் விழித்துக்கொண்டது. குழந்தைத் தொழிலாளர் சட்டத்துக்கு 2016இல் கொண்டுவரப்பட்ட திருத்தத்தையும், 2017இல் வெளியான விதிகளையும் வாசித்துப் பாருங்கள். குழந்தைக் கலைஞர் ஒருவர் நாளொன்றுக்கு ஐந்து மணித்தியாலத்துக்கு மேல் வேலை செய்யக் கூடாது. இளைப்பாறாமல் தொடர்ந்து மூன்று மணித்தியாலத்துக்கு மேல் கூடாது. மாவட்ட ஆட்சியரின் அனுமதி பெற வேண்டும். தொடர்ந்து 27 நாட்களுக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. படப்பிடிப்புத் தளத்தில் ஐந்து பிள்ளைகளுக்கு ஒருவர் வீதம் பொறுப்பாளர் இருக்க வேண்டும். வருமானத்தில் குறைந்தது 20 வீதம் பிள்ளையின் பெயரில் வங்கியில் நிலையான வைப்பாக இடப்பட வேண்டும். எல்லாத் தளங்களிலும் இவை பின்பற்றப்படுகின்றனவா என்பது வேறு கேள்வி. ஆனால், எழுதி வைக்கப்பட்டிருக்கிறது. எழுதி வைத்ததைச் சுட்டிக்காட்டிக் கேட்கலாம். எழுதாததை எதைக் கொண்டு கேட்பது?

நமது நாட்டிலும் சிறுவர் பாதுகாப்பைப் பற்றிப் பேசாமல் இல்லை. 1998இல் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபைக்கான சட்டம் நிறைவேறியது. 1929 என்ற அவசர இலக்கம் இருக்கிறது. வேலைக்கு அமர்த்தக்கூடிய குறைந்தபட்ச வயது 2021இல் 14இலிருந்து 16ஆக உயர்த்தப்பட்டது. ஆனால், தேநீர்க் கடையில் கோப்பை கழுவும் பிள்ளையைக் கண்டால் முறைப்பாடு செய்யும் நாம், தொலைக்காட்சியில் நடிக்கும் பிள்ளையைக் கண்டால் வாழ்த்துச் சொல்கிறோம். இரண்டும் உழைப்பு என்பது நம் மனத்தில் பதியவில்லை. நடிப்பை விளையாட்டு என்று நினைக்கிறோம். பின்னிரவு வரை, சுடுவிளக்கின் கீழ், ஒரே அழுகையைப் பத்துத் தடவை அழுவது விளையாட்டா?

இங்கே ஒரு விடயத்தைச் சொல்ல வேண்டும். மட்டக்களப்பு மண்ணுக்கு நடிப்புப் புதிதன்று. ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீண்டு கிடக்கும் இந்த வாவியின் இரு கரைகளிலும், எழுவான்கரையிலும் படுவான்கரையிலும், கூத்து ஆடாத ஊர் குறைவு. வடமோடியும் தென்மோடியும் நம் பிள்ளைகளின் காதில் தாலாட்டோடு விழுந்தவை. அண்ணாவியார் சட்டம் கொடுத்து, மாதக்கணக்கில் பழக்கி, சலங்கை கட்டி, களரி ஏற்றுவார். ஆனால் அங்கே பிள்ளையைச் சுற்றி ஊர் இருந்தது. பகலில் வயல், பாடசாலை, வாவி. இரவில் பழக்கம். தூக்கம் வந்தால் களரியோரத்துப் பாயில் ஆச்சியின் பக்கத்தில் சுருண்டுகொள்ளலாம். மத்தளம் அடிப்பவர் மாமன், பிற்பாட்டுப் பாடுபவர் பெரியப்பா. தவறு நடக்கவே இல்லை என்று நான் சொல்லமாட்டேன். பெண் பிள்ளைகளுக்கு அந்தக் களரியில் நெடுங்காலம் இடமே இருக்கவில்லை என்பதையும் மறைக்கமாட்டேன். ஆயினும் கண்காணிக்கும் கண்கள் நூறு இருந்தன. அது மட்டுமல்ல, ஆடிய பிள்ளை ஒருநாள் அண்ணாவியாராகலாம். ஆட்டத்தையும் தாளத்தையும் ஏட்டையும் ஒரே களரியில் கற்றுக்கொண்டான்.

கமெரா வந்தபோது இந்த ஒழுங்கு மாறிவிட்டது. முகம் இங்கிருந்து போகிறது. ஏடு வேறொருவர் கையில் இருக்கிறது.

விதிவிலக்குகள் உண்டு. மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா, பாடசாலைச் சிறுவனாகக் கித்துள்கலைக்குச் சுற்றுலாப் போனபோது, டேவிட் லீன் ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்’ படம் எடுத்துக்கொண்டிருந்ததைக் கண்டதாகப் பல தடவை சொல்லியிருக்கிறார். அந்த இயக்குநர் மழை வரச் சொன்னதும் மழை பெய்ததாம். அந்தப் பிள்ளையின் கண் நட்சத்திரங்களின் மேல் விழவில்லை, மழையை வரவழைத்த மனிதரின் மேல் விழுந்தது. அதனால்தான் அவர் பூனேயில் ஒளிப்பதிவு படித்தார். அதனால்தான் நமக்கு ‘அழியாத கோலங்கள்’ (1979) கிடைத்தது. வானொலியில் பி.எச். அப்துல் ஹமீத் சிறுவர் நிகழ்ச்சியின் வழியாக உள்ளே வந்து, பிறகு நிகழ்ச்சிகளை ஆக்கித் தருபவராக உயர்ந்தவர். அந்த நிலையத்தில் பிள்ளைகளுக்கு ஒலிவாங்கி மட்டுமல்ல, ஒலிப்பதிவு அறையும் பழகக் கிடைத்தது.

‘அழியாத கோலங்கள்’ படத்தில் ஆசிரியையாக வந்த ஷோபாவும் குழந்தை நட்சத்திரந்தான். 1966இல் ‘தட்டுங்கள் திறக்கப்படும்’ படத்தில் ‘பேபி மகாலட்சுமி’ என்ற பெயரில் தோன்றியவர். ‘பசி’ படத்துக்காகத் தேசிய விருது பெற்றார். 1980 மே 1ஆம் திகதி இறந்தபோது அவருக்கு வயது 17. விருது பெற்ற நடிகை என்றே நாம் அவரை நினைக்கிறோம். இன்றைய கணக்கில் அவர் ஒரு சிறுமி. அதற்கு மேல் எழுத எனக்கு மனம் வரவில்லை.

*

இனி, நான் எழுத விரும்பாத, ஆனால் எழுதியே ஆக வேண்டிய ஒன்றுக்கு வருகிறேன்.

2004 டிசம்பர் 26இல் கடல் எழுந்து வந்து நாவலடியையும் டச்பாரையும் கல்லடித் திருச்செந்தூரையும் வாரிக்கொண்டு போனது. அடுத்த நாட்களில் உலகத்துக் கமெராக்கள் எல்லாம் இந்த வாவிக்கரைக்கு வந்தன. கல்முனை வைத்தியசாலையில் இருந்த கைக்குழந்தை ஒன்று, அனுமதி இலக்கத்தால் ‘81ஆம் இலக்கக் குழந்தை’ என்று உலகப் புகழ் பெற்றது. ஒன்பது தாய்மார் உரிமை கோருகிறார்கள் என்று செய்தி பறந்தது. உண்மையில் நீதிமன்றத்துக்குப் போனது ஒரே தம்பதி. மரபணுப் பரிசோதனையின் பின் 2005 பெப்ரவரியில் குழந்தை பெற்றோரிடம் சேர்ந்தது. அடுத்த மாதமே ஓர் அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனம் அவர்களை நியூயோர்க்குக்கு அழைத்துப் போய்க் காட்சிக்கு வைத்தது. தவழவும் தெரியாத வயதில் ஒரு தொலைக்காட்சி நட்சத்திரம்.

வெளிநாட்டாரைக் குறை சொல்லுவது எளிது. நான் என்ன செய்தேன்?

அந்த நாட்களில் ஓர் அகதி முகாமில், பாடசாலைக் கட்டடத்தின் படியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்த ஏழெட்டு வயதுச் சிறுமியைப் படம் எடுத்தேன். ‘தாயைத் தேடும் பிஞ்சு’ என்று தலைப்பிட்டு அனுப்பினேன். நான் வேலை செய்த பத்திரிகை முதற் பக்கத்தில் போட்டது. பிற நாடுகளிலும் மறுபிரசுரம் ஆயிற்று. அந்தப் படத்துக்காக என்னைப் பாராட்டினார்கள். நானும் பாராட்டை ஏற்றுக்கொண்டேன்.

2022இல் என் உறவுக்காரப் பெண்ணின் திருமண ஒளிப்பதிவு விடயமாக நகரத்தில் ஒரு படத்தொகுப்பு நிலையத்துக்குப் போயிருந்தேன். கணினியின் முன் இருந்த இளம்பெண் என் பெயரைக் கேட்டதும் கையை எடுத்துவிட்டு நிமிர்ந்து பார்த்தாள்.

“நீங்கதானே சேர், முகாமில என்னப் படம் எடுத்த?”

எனக்கு முகம் நினைவில் இல்லை. படம் நினைவில் இருந்தது.

“அம்மாவத் தேடி அழுறன் எண்டு போட்டிருந்தீங்க. அம்மா அப்ப எனக்குப் பின்னாலதான் நிண்டவ. சோத்துப் பாசலுக்கு வரிசையில நிண்டவ. நான் அழுதது என்ட சப்பாத்துக்கு. பாடசாலைச் சப்பாத்து, நத்தாருக்கு முதல் வாங்கினது, கடலோட போயிட்டு.”

கோபமாகச் சொல்லவில்லை. ஒரு கணக்கைத் திருத்துவது போலச் சொன்னாள். கனடாவில் இருந்த சித்தி அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, அக்கா இறந்துவிட்டாள் என்று நம்பி, மூன்று நாள் சாப்பிடாமல் கிடந்தாராம். தொலைபேசி இணைப்பு வந்த பிறகுதான் உண்மை தெரிந்ததாம். முகாமை விட்டுப் பாடசாலைக்குத் திரும்பிய பிறகும் பிள்ளைகள் அவளைத் ‘தாய் இல்லாப் பிள்ளை’ என்று கேலி செய்தார்களாம். தாய் உயிரோடு இருக்கும்போதே.

நான் ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். “ஏன் மகள் அழுகிறாய்?” என்ற மூன்று சொற்கள். கேட்கவில்லை. விடை எனக்குத் தேவைப்படவில்லை. முகம் மட்டுமே தேவைப்பட்டது.

மன்னிப்புக் கேட்டேன். அவள் தலையசைத்துவிட்டுத் திரையின் பக்கம் திரும்பினாள். அங்கே ஒரு சாமத்தியச் சடங்கின் காட்சி நின்றது. கூட்டத்தில் ஒரு சிறு பிள்ளை எதற்கோ அழுதுகொண்டிருந்தது. அவள் அந்தத் துண்டை வெட்டி எடுத்தாள். “இதுகள நான் வைக்கிறல்ல சேர். நாளைக்கு வளர்ந்து பார்த்தா அதுக்குப் பிடிக்காது” என்றாள்.

அந்தப் பெண்ணுக்கு எவரும் ஊடக ஒழுக்கநெறி கற்பிக்கவில்லை. படம்பிடிக்கப்பட்ட பக்கத்தில் இருந்தவள், வெட்டும் பக்கத்துக்கு வந்தபோது, எதை வெட்ட வேண்டும் என்று அவளுக்கே தெரிந்திருந்தது. முன்னாள் குழந்தை நட்சத்திரங்கள் தயாரிப்பாளர் ஆவது ஏன் முக்கியம் என்று என்னிடம் எவரும் கேட்டால், நான் இந்த ஒரு நிமிடத்தைத்தான் சாட்சிக்கு அழைப்பேன். அப்படி வந்தவர்கள் எல்லாரும் நல்லவர்களாக இருப்பார்கள் என்பதில்லை. பட்டதை மறந்து பிறரைப் படுத்துபவர்களும் உண்டு. ஆனால், படாதவனுக்குத் தோன்றாத ஒரு கேள்வி பட்டவளுக்குத் தோன்றும்.

*

அடுத்த ஞாயிறு அந்தத் தகப்பன் வந்தார். இம்முறை மகளையும் அழைத்து வந்திருந்தார். நான் விடலாம் என்றும் சொல்லவில்லை, விடக் கூடாது என்றும் சொல்லவில்லை. ஒரு தாளில் நான்கு விடயங்களை எழுதிக் கொடுத்தேன்.

முதலாவது, நேரம். நாளுக்கு ஐந்து மணித்தியாலம். அதுவும் பாடசாலை விடுமுறையில் மட்டும். இரவுப் படப்பிடிப்பு இல்லை.

இரண்டாவது, துணை. தாயோ தகப்பனோ எப்போதும் பிள்ளையின் கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் இருக்க வேண்டும். “நீங்கள் வெளியில் இருங்கள்” என்று எவராவது சொன்னால், அந்த நிமிடமே பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வெளியில் வந்துவிட வேண்டும். ஒப்பந்தம், முற்பணம், மரியாதை எதையும் பார்க்க வேண்டியதில்லை.

மூன்றாவது, பணம். ஒரு பகுதியையேனும் பிள்ளையின் பெயரில் உள்ள கணக்கில், 18 வயது வரை எவரும் எடுக்க முடியாதபடி, நிறுவனமே நேரடியாக வைப்புச் செய்ய வேண்டும். இதைச் சொன்னபோது தகப்பனின் முகம் சற்று வாடியது. தோணியின் இயந்திரம் பழுதாகிக் கிடக்கிறது என்பதை அவர் முன்பே சொல்லியிருந்தார். வறுமை எனக்கும் தெரியும். ஆனால், அந்தத் தோணியை 11 வயதுப் பிள்ளையின் முகத்தால் தள்ளக் கூடாது. சிறிது நேரம் வாவியைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “சரிதான் சேர்” என்றார்.

நான்காவது, பிள்ளை ஓய்வாக இருக்கும் நேரத்தில் கமெராவையும் ஒலிப்பதிவையும் படத்தொகுப்பையும் பார்த்துப் பழக அனுமதிக்க வேண்டும். அவர் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. எனக்கோ இதுதான் பெரிது. முகத்துக்கு வயதாகும். கைத்தொழிலுக்கு வயதாகாது.

தொலைக்காட்சி நிலையங்களை நடத்துவோருக்கும் ஒரு வார்த்தை. ரூபவாஹினி 1982இல் வந்தது. சக்தி 1998இல் வந்தது. வசந்தம் 2009இல் வந்தது. இத்தனை ஆண்டுகளாக நம் வீடுகளின் மாலைப்பொழுதைச் சென்னையில் தயாரான தொடர்கள் பிடித்துக்கொண்டிருக்கின்றன. அவற்றோடு எனக்குப் பகை இல்லை. ‘மெட்டி ஒலி’யை என் வீட்டிலும் ஒரு நாள் தவறாமல் பார்த்தார்கள். ஆனால், இங்கே எடுக்கும் அரிதான சில தொடர்களிலாவது, பிள்ளைகளை வைத்து வேலை வாங்கும் ஒழுங்கு ஒன்றை எழுதி, எல்லாரும் காணும்படி வையுங்கள். இந்தியா எழுதியதைப் பார்த்து எழுதினாலும் தவறில்லை. கல்லடியில் விபுலானந்தரின் பெயரால் அழகியற் கற்கைகள் நிறுவகம் இருக்கிறது. வந்தாறுமூலையில் பல்கலைக்கழகம் இருக்கிறது. இசைக்கும் நடனத்துக்கும் நாடகத்துக்கும் இந்த மண்ணில் உள்ள மதிப்பு, கமெராவைப் பிடிக்கும் கைக்கும் படத்தைத் தொகுக்கும் கைக்கும் கிடைக்கட்டும். அந்தக் கைகளில் பாதியாவது பெண் பிள்ளைகளின் கைகளாக இருக்கட்டும்.

புறப்படும் நேரத்தில்தான் எனக்கு உறைத்தது, இரண்டு ஞாயிறுகளாக நாங்கள் பேசிக்கொண்டிருக்கிறோம், அந்தப் பிள்ளையிடம் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. 2004இல் செய்த அதே பிழை. “உனக்கு நடிக்க விருப்பமா மகள்?” என்று கேட்டேன். அவள் தகப்பனின் முகத்தைப் பார்க்கவில்லை. சற்று யோசித்துவிட்டு, “விருப்பம். ஆனா அழுற கட்டம் எண்டா எனக்கு ஏலா” என்றாள்.

தாளை வாங்கி ஐந்தாவதாக அதையும் எழுதினேன்.

தகப்பன் அந்தத் தாளைக் கொழும்புக்கு அனுப்பியிருக்கிறார். நேரத்துக்கும் துணைக்கும் சம்மதம் என்று பதில் வந்திருக்கிறதாம். வங்கிக் கணக்கைப் பற்றி ஒரு சொல்லும் இல்லையாம். ஐந்தாவதைப் படித்துவிட்டுச் சிரித்தார்களாம். அவர் இன்னும் பிள்ளையை அனுப்பவில்லை. பதிலுக்குக் காத்திருக்கிறார். நானும் காத்திருக்கிறேன்.